நியமன ஆணையைப் படிக்கத் தெரிந்த ஒரு மாடி அறை

மதுரையில் ஆட்சியர் அலுவலகத்தை ஒட்டிய சந்து ஒன்றில், கீழே ஜெராக்ஸ் கடையும் மேலே ஓர் ஒற்றை அறையுமாக ஓர் இடம் இருக்கிறது. பலகை கிடையாது. அரசு ஊழியர்களுக்குப் பணி தொடர்பான மேல்முறையீடு, பணிமூப்பு (சீனியாரிட்டி) திருத்த விண்ணப்பம், குற்றச்சாட்டுக் குறிப்பாணைக்கு விளக்கம் எல்லாம் எழுதித் தருகிறார் ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர் ஒருவர். பேர் போட வேண்டாம் என்று அவரே கேட்டுக்கொண்டதால் போடவில்லை. அந்தப் பக்கத்து அலுவலகங்களில் யாரைக் கேட்டாலும் "மாடி சாரா?" என்று கை காட்டுவார்கள். 2023 ஜூலையில் முதல் தடவை போனேன், அதற்கப்புறம் ஒன்பது பத்துத் தடவை போயிருக்கிறேன். கருணை அடிப்படையில் வேலைக்கு வந்தவர்களும் தற்காலிகம் என்று ஆணை வாங்கி வருடக்கணக்காக உட்கார்ந்திருப்பவர்களும் என்னைப் போல ஏமாறக் கூடாது என்பதால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் என் கதை. அப்பா அரசு அலுவலகத்தில் பதிவறை எழுத்தர், 2010இல் பணியில் இருக்கும்போதே மாரடைப்பில் இறந்தார். மூன்று வருடத்துக்குள் விண்ணப்பிக்க வேண்டும் என்பதால் அம்மா அலைந்து திரிந்து எனக்காக விண்ணப்பம் கொடுத்தார். 2013 ஆகஸ்டில் இளநிலை உதவியாளராக வேலை கிடைத்தது. ஆணையில் இருந்தது இதுதான்: பொது விதி 10(ஏ)(1)இன் கீழ் தற்காலிகமாக நியமிக்கப்படுகிறார், இந்நியமனம் முற்றிலும் தற்காலிகமானது. அந்த வயதில் அதை யார் படிக்கிறார்கள்? வேலை கிடைத்தது, அம்மா அழுதார், கோயிலுக்குப் போனோம், அவ்வளவுதான்.

துறைத் தேர்வுகளை முதல் மூன்று வருடத்துக்குள் முடித்துவிட்டேன். பவானிசாகரில் புதிய ஊழியர்களுக்கு நடக்கும் அடிப்படைப் பயிற்சிக்கு அனுப்பத் தாமதம், அதையும் முடித்தேன். ஆனால் பணிவரன்முறை ஆணை, அதாவது தற்காலிக வேலையை முறையான பணியாக ஆக்கும் ஆணை, மட்டும் வரவில்லை. கோப்பு இந்த மேசைக்குப் போனது, அந்த மேசையில் கேள்வி போட்டுத் திரும்பியது, அப்பாவின் சட்டப்படியான வாரிசுச் சான்றிதழ் மறுபடி வேண்டும் என்றார்கள், அம்மாவுக்கு வேறு வருமானம் இல்லை என்று மறுபடி சான்று கேட்டார்கள், கடைசியில் 2020 ஜூனில் ஆணை வந்தது. பிரித்துப் பார்த்தால் பணிவரன்முறை செய்யப்படும் நாள் என்ற இடத்தில் ஆணை பிறப்பித்த தேதியே போட்டிருக்கிறது. 2013 ஆகஸ்ட் இல்லை. ஏழு வருடம் காணோம். அதே வருடம் செப்டம்பரில் வந்த பணிமூப்புப் பட்டியலில், 2015இல் டிஎன்பிஎஸ்சி குரூப் 4 மூலம் வந்தவர்கள் எல்லோரும் எனக்கு மேலே. அவர்களில் சிலருக்கு நான்தான் பதிவேடு எழுதச் சொல்லிக் கொடுத்தேன். 2021இல் அவர்கள் உதவியாளர் ஆனார்கள். அவர்கள்மேல் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை, பரீட்சை எழுதி ரேங்க் வாங்கி வந்தவர்கள். என் தேதியைத்தான் யாரோ ஒருவர் கவனிக்காமல் போட்டுவிட்டார்.

மாடி சாரிடம் வருவதற்கு முன்னால் வேறோர் இடத்தில் ஆறாயிரம் ரூபாய் கொடுத்து ஒரு மனு எழுதி வாங்கினேன், 2022இல். அந்த இடத்தின் பெயரும் வேண்டாம். பதினோரு பக்கம், பாதிப் பக்கம் அரசியல் சாசனம், ஆங்காங்கே தடித்த எழுத்து, கடைசியில் "எனவே எனக்கு உதவியாளராகப் பதவி உயர்வு வழங்க வேண்டுகிறேன்". 2023 ஜனவரியில் பதில் வந்தது, ஒரே வரி: விதிகளில் இடமில்லை. அந்த வரியைப் படித்த இரவு நான் தூங்கவில்லை.

இப்போது மாடி சார். படி ஏறினால் ஒரு மர பெஞ்ச், ஒரு மேசை, பழுப்பேறிய அரசாணைக் கட்டுகள். என் முறை வர ஒன்றரை மணி நேரம் ஆனது. கதை சொல்ல ஆரம்பித்தேன், கையைக் காட்டி நிறுத்திவிட்டார். "கதையை அப்புறம் கேக்குறேன்மா, ஆர்டரைக் குடு" என்றார். நியமன ஆணை, பணிவரன்முறை ஆணை, தகுதிகாண் பருவம் (புரொபேஷன்) முடித்த ஆணை, பணிமூப்புப் பட்டியல், எஸ்.ஆர். (பணிப்பதிவேடு) நகல் என்று ஒவ்வொன்றாக வாங்கி, பேனாவை வைத்துக்கொண்டு வரி வரியாகப் படித்தார். இருபது நிமிடம் இருக்கும், ஒரு வார்த்தை பேசவில்லை. எனக்காக ஒருவர் அந்தக் காகிதங்களை முழுசாகப் படித்தது அதுதான் முதல் தடவை. எங்கள் அலுவலகத்தில்கூட யாரும் படித்ததில்லை.

படித்து முடித்துவிட்டு அவர் சொன்னதை அப்படியே தருகிறேன்: "ஏம்மா, பதவி உயர்வு குடுங்கன்னு எழுதினா ரெண்டு வரியில தள்ளிருவாங்க. அவங்க தள்ளினதும் சரிதான். உன் பேரு பேனல் எட்டுற இடத்துலயே இல்லையே. உன் பிரச்சினை பதவி உயர்வு இல்ல. இந்தத் தேதி." (பேனல் என்பது பதவி உயர்வுக்கு எடுக்கப்படுபவர்களின் பட்டியல்.) பணிவரன்முறை ஆணையில் ஒரு வட்டம் போட்டார். அந்த வட்டத்துக்காகவே முந்நூறு ரூபாய் தகும் (படித்துப் பார்க்க முந்நூறு, மனு எழுத இரண்டாயிரத்து ஐந்நூறு, இதுதான் நான் கொடுத்த கட்டணம்).

அவர் விளக்கிய விஷயத்தை நான் புரிந்துகொண்ட அளவில் சொல்கிறேன். 10(ஏ)(1) என்பது தமிழ்நாடு மாநில மற்றும் சார்நிலைப் பணி விதிகளில் உள்ள அவசரக் கதவு. ஓர் இடம் உடனே நிரப்பப்பட வேண்டும், முறைப்படி ஆள் எடுத்தால் தாமதமாகும் என்றால், நியமன அலுவலர் தற்காலிகமாக ஒருவரை வைத்துக்கொள்ளலாம். ஆனால் முறையாகத் தேர்வான ஆள் வந்ததும் இவர் இடத்தைக் காலி செய்ய வேண்டும். இப்படி வந்தவரைத் தகுதிகாண் பருவத்தில் உள்ளவராகக் கருத முடியாது, இந்த நியமனத்தை மட்டும் காட்டி எதிர்காலத்தில் முன்னுரிமை கேட்க முடியாது என்றும் விதியிலேயே இருக்கிறது. 2016இல் இந்த விதிகளை எல்லாம் சேர்த்துத் தமிழ்நாடு அரசுப் பணியாளர்கள் பணி நிபந்தனைகள் சட்டம் வந்தபோதும் சாரம் மாறவில்லை.

சரி, அப்படியானால் எனக்கும் ஒன்றும் இல்லையா என்றுதான் நான் கேட்டேன். இங்கேதான் அவர் மற்றவர்களிடமிருந்து வேறுபடுகிறார். ஒரே 10(ஏ)(1) கதவு வழியாக இரண்டு விதமான ஆட்கள் வருகிறார்கள் என்றார். ஒருவர் இடைக்காலத்துக்கு மட்டும் வைக்கப்பட்டவர். இன்னொருவர் அரசு வகுத்த திட்டப்படி, அனுமதிக்கப்பட்ட காலியிடத்தில், கல்வித் தகுதி சரிபார்த்து, நிரந்தரமாக்கும் நோக்கத்தோடே எடுக்கப்பட்டு, நடைமுறை முடியும்வரை தற்காலிகம் என்று ஆணை வாங்கியவர். கருணை நியமனம் இரண்டாவது வகை. தற்காலிகம் என்ற சொல்லைப் பார்த்துப் பயப்படாதே, எந்த முறையில் எடுத்தார்கள், எந்த இடத்தில் வைத்தார்கள், இடையில் விட்டுவிட்டு எடுத்தார்களா, இதை மட்டும் பார் என்றார்.

இதற்கு அவர் அடிக்கடி எடுப்பது 1990இல் வந்த உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வின் தீர்ப்பு, மகாராஷ்டிரப் பொறியாளர்கள் வழக்கு. நேரடி நியமனம் பெற்ற பொறியாளர்கள் சங்கம் மகாராஷ்டிர அரசுக்கு எதிராகப் போட்டது. அதில் இரண்டு விஷயம் தெளிவாக இருக்கிறது. விதிப்படி நியமிக்கப்பட்டவருக்குப் பணிமூப்பு நியமன நாளிலிருந்து கணக்கு, நிரந்தரம் செய்த நாளிலிருந்து இல்லை. ஆனால் விதிப்படி இல்லாமல் வெறும் இடைக்கால ஏற்பாடாக வைக்கப்பட்ட காலம் கணக்கில் வராது. இரண்டாவது, ஆரம்பத்தில் நடைமுறை முழுசாகப் பின்பற்றப்படாமல் போயிருந்தாலும், இடைவெளி இல்லாமல் தொடர்ந்து வேலை பார்த்து, பிறகு விதிப்படி முறைப்படுத்தப்பட்டால் அந்தப் பழைய காலமும் சேரும். கணக்கில் வராத இடைக்கால ஏற்பாடா, கணக்கில் சேரும் தொடர்ந்த பணியா, இதில் எதில் நாம் விழுகிறோம் என்பதுதான் எல்லாம். முதல் மனு எழுதிக் கொடுத்த இடத்தில் பதினோரு பக்கத்தில் இந்தத் தீர்ப்பின் பேர்கூட இல்லை.

அப்புறம் ஒரு வேலை கொடுத்தார். எங்கள் துறையில் கருணை அடிப்படையில் வந்த மற்றவர்களுக்கு எந்த நாளிலிருந்து பணிவரன்முறை செய்தார்கள் என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்கச் சொன்னார். பத்து ரூபாய்க்குக் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி மனு. அது எழுதித் தரக் காசு வாங்கவில்லை. முப்பது நாள் கெடு முடிவதற்குள் பதில் வந்தது. இரண்டு பேருக்குப் பணியில் சேர்ந்த நாளிலிருந்தே வரன்முறை செய்திருக்கிறார்கள். அந்த இரண்டு ஆணைகளின் நகலைக் கையில் வாங்கியபோது எனக்கு வந்த தெம்பைச் சொல்ல வார்த்தை இல்லை. ஒரே துறை, ஒரே விதி, ஒரே வகை நியமனம், அவர்களுக்கு ஒரு தேதி எனக்கு ஒரு தேதி.

எல்லோருக்கும் சொல்ல விரும்பும் முக்கியமான விஷயம் காலக்கெடு. பணிமூப்பைத் திருத்தக் கேட்கும் விண்ணப்பத்தைப் பட்டியல் நிர்ணயித்த ஆணையிலிருந்து மூன்று வருடத்துக்குள் கொடுக்க வேண்டும். பழைய விதி 35(எஃப்), இப்போது சட்டத்திலும் அது உண்டு. தாண்டினால் உள்ளே என்ன இருக்கிறது என்று பார்க்காமலே தள்ளலாம். விவரப் பிழையால் வந்த ஆணையைத் திருத்துவதற்கு மட்டும் இந்தக் கெடு பொருந்தாது. பிழை யாருடையது என்று வாதாடிக்கொண்டிருப்பதைவிடக் கெடுவுக்குள் கொடுப்பது எவ்வளவோ நல்லது. என் பட்டியல் 2020 செப்டம்பர், நான் மாடி ஏறியது 2023 ஜூலை. இரண்டு மாதம்தான் மிச்சம். இதை ஆறாயிரம் வாங்கியவர் சொல்லவே இல்லை. இன்னும் தாமதித்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்தால் இப்போதும் வயிற்றைக் கலக்குகிறது.

நீதிமன்றத்துக்குப் போவதென்றால் இன்னும் சீக்கிரம் போக வேண்டுமாம். இதற்கு நம் ஊர் வழக்கே இருக்கிறது, சதாசிவசாமி எதிர் தமிழ்நாடு அரசு, 1974 தீர்ப்பு. பணியில் இளையவரை 1957இல் மேலே தூக்கிப் போட்டதை எதிர்த்து அவர் வழக்குப் போட்டது 1971இல். தன் தலைக்கு மேலே இளையவருக்குப் பதவி உயர்வு கொடுத்தால் ஆறு மாதம், மிஞ்சிப்போனால் ஒரு வருடத்துக்குள் வர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பெரியவர்கள் கோபித்துக்கொள்வார்கள், மேலதிகாரி மனசு கோணும் என்று மனுவைத் தள்ளிப் போடும் பழக்கம் நம் அலுவலகங்களில் நிறைய உண்டு. நானும் அப்படித்தான் தள்ளினேன். யாருக்காகவும் தள்ளாதீர்கள், மரியாதையாக எழுதி உரிய வழியாக (மேலதிகாரி மூலமாக) கொடுத்துவிட்டு ஒப்புகை வாங்கி வையுங்கள்.

எனக்கு இன்னொரு மனக்குறையும் இருந்தது. 2021இல் உதவியாளர் இடம் ஒன்று காலியாக, பதினான்கு மாதம் என்னை அந்த இருக்கையைப் பார்க்கச் சொன்னார்கள். பொறுப்பு என்று ஆணை போட்டார்கள், சம்பளம் இளநிலை உதவியாளர் சம்பளம்தான். உட்காரும்முன் "இதைக் காட்டிப் பதவி உயர்வோ கூடுதல் ஊதியமோ கோரமாட்டேன்" என்று எழுதி வாங்கினார்கள். அந்த உறுதிமொழியைக் காட்டியதும் மாடி சாருக்கு முதல் தடவையாகக் குரல் உயர்ந்தது. சண்டிகரில் ஹரி ஓம் சர்மா என்ற இளநிலைப் பொறியாளருக்கு இதேதான் நடந்தது, மேல் பதவியில் இடைக்கால ஏற்பாடாக வைத்துவிட்டு ஊதியம் தரவில்லை, அப்படி ஓர் உறுதிமொழி எழுதி வாங்கியிருந்தாலும் அது சட்டத்துக்கு முன் நிற்காது, வேலை பார்த்த காலத்துக்கு மேல் பதவியின் ஊதியம் தர வேண்டும் என்று 1998இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது என்றார்.

நான் உற்சாகமாகி, அப்படியானால் அந்தப் பதினான்கு மாதத்தை உதவியாளர் பணிமூப்பிலும் சேர்க்கச் சொல்லலாமா என்று கேட்டேன். உடனே இல்லை என்றார். "சம்பளம் கேளு. சீனியாரிட்டி கேக்காத." தற்காலிகப் பதவி உயர்வுக்கான விதி 39லேயே அந்த உயர்வு மட்டும் எதிர்காலத்தில் முன்னுரிமை தராது என்று இருக்கிறது, நான் வாங்கியது அதுகூட இல்லை, வெறும் பொறுப்பு. அதை மனுவில் சேர்த்தால் நல்ல கோரிக்கையையும் சேர்த்துக் கெடுத்துக்கொள்வோம் என்றார். காசு வாங்குகிற ஒருவர் என்னிடம் இல்லை என்று சொன்னது எனக்குப் பெரிய விஷயமாகப் பட்டது. மற்ற இடத்தில் நான் கேட்டதையெல்லாம் சேர்த்துத்தான் எழுதினார்கள், கேட்காததையும் சேர்த்தார்கள்.

பதவி உயர்வு உரிமை என்று நாம் சும்மா சொல்கிறோமே, அதிலும் ஒரு நுணுக்கம் அவரிடம்தான் தெரிந்துகொண்டேன். பதவி உயர்வே அடிப்படை உரிமை இல்லை. தகுதி உள்ளவரைப் பதவி உயர்வுக்குப் பரிசீலிக்க வேண்டும் என்பதுதான் அரசியல் சாசனத்தின் 16ஆவது பிரிவின் கீழ் உள்ள அடிப்படை உரிமை, 1999 அஜித் சிங் தீர்ப்பில் இருக்கிறது. அதனால் மனுவில் "பதவி உயர்வு வழங்குக" என்று எழுதாமல், தேதியைத் திருத்து, பட்டியலில் உரிய இடத்தில் வை, எனக்கு இளையவர் பேனலில் சேர்ந்த நாளில் என்னையும் பரிசீலி என்று மூன்று படியாக எழுதினார். நான்கே பக்கம். ஒவ்வொரு பத்திக்கும் ஓர் இணைப்பு, எண் போட்டு. படித்தாலே தலை நிமிர்ந்து நிற்கிற மாதிரி இருந்தது.

பெஞ்சில் காத்திருக்கும்போது பார்த்ததையும் சொல்ல வேண்டும். ஒரு நாள் ஓவிய ஆசிரியர் ஒருவர் வந்திருந்தார். 2012இல் அரசுப் பள்ளிகளில் 5,000 ரூபாய் தொகுப்பூதியத்தில் எடுத்த 16,549 பகுதிநேர ஆசிரியர்களில் ஒருவர். அவர் கையில் வாட்ஸ்அப்பில் வந்த ஒரு படம், பத்து வருடம் முடித்தால் நிரந்தரம் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது என்று போட்டிருந்தது. மாடி சார் அவரை உட்காரவைத்து அரை மணி நேரம் பேசினார். 2006 ஏப்ரல் 10ஆம் தேதி ஐந்து நீதிபதிகள் அமர்வு உமாதேவி வழக்கில் சொன்னது, முறையான தேர்வு இல்லாமல் வந்தவர்கள் நிரந்தரம் கேட்க உரிமை இல்லை என்பதுதான். அதே தீர்ப்பில் ஒரு விதிவிலக்கு: அனுமதிக்கப்பட்ட இடத்தில், தகுதியோடு, நீதிமன்ற உத்தரவின் துணை இல்லாமல் பத்து வருடமோ அதற்கு மேலோ வேலை பார்த்தவர்களை ஒரே ஒரு தடவை பரிசீலித்து முறைப்படுத்தலாம். வாட்ஸ்அப் படம் போட்டவர் அந்த விதிவிலக்கை மட்டும் பிய்த்து எடுத்துக்கொண்டார். தமிழ்நாட்டிலும் 2006 பிப்ரவரியில் வந்த அரசாணை 22, அந்த வருடம் ஜனவரி 1 அன்று பத்து வருடம் முடித்திருந்த தினக்கூலிப் பணியாளர்களுக்குத்தான்.

அந்த ஆசிரியரின் முகம் வாடியதைப் பார்க்க முடியவில்லை. ஆனால் அவரை வெறும் கையோடு அனுப்பவில்லை. 2024 டிசம்பர் 20 அன்று ஜக்கோ வழக்கில் வந்த தீர்ப்பைப் பற்றிச் சொன்னார். மத்திய நீர் ஆணையத்தில் பல வருடம் துப்புரவு வேலையும் தோட்ட வேலையும் பார்த்தவர்களை 2018இல் திடீரென நிறுத்தியிருக்கிறார்கள். உமாதேவி தீர்ப்பை, நீண்ட காலம் உழைத்தவர்களை விரட்டும் ஆயுதமாக அரசு அலுவலகங்கள் பயன்படுத்தக் கூடாது, நிரந்தரத் தன்மையுள்ள வேலைக்குத் தற்காலிக ஆள் என்று காலம் கடத்தக் கூடாது என்று சொல்லி, அவர்களை முறைப்படுத்தச் சொன்னது உச்ச நீதிமன்றம். 2025 ஆகஸ்டில் உத்தரப் பிரதேசத்திலிருந்து வந்த தரம் சிங் வழக்கிலும் அதே திசைதான். உங்கள் வேலை நிரந்தரத் தன்மை உள்ளதா, பணியிடம் அனுமதிக்கப்பட்டதா என்பதற்கான ஆதாரத்தைச் சேர்த்து வையுங்கள், வழக்கறிஞரைப் பாருங்கள், பதவி உயர்வுப் பேச்சு அதற்கு அப்புறம்தான் என்றார். காசு வாங்கவில்லை. அவருக்கு எழுதித் தர ஒன்றும் இல்லை என்பதால் வாங்கவில்லை.

இந்த விஷயத்தில் எனக்கு ஆழமான ஆதங்கம் உண்டு. வருடக்கணக்காக ஒருவரை வேலை வாங்கிக்கொண்டு, அவர் உரிமை கேட்கும்போது மட்டும் நீ தற்காலிகம் என்று சொல்வது பெரிய அநியாயம். அதே நேரம், பரீட்சை எழுதி வரிசையில் காத்திருக்கும் பிள்ளைகளின் இடமும் அதில்தான் இருக்கிறது, அவர்களைத் தாண்டிப் பின்வாசல் வழியாக ஆள் எடுப்பதையும் ஏற்க முடியாது. இந்த இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லக்கூடிய ஆளாக அந்த மாடி அறையில் ஒருவர் இருக்கிறார். 2003 ஜூலை வேலைநிறுத்தத்தின்போது தற்காலிகமாக எடுக்கப்பட்ட இளநிலை உதவியாளர்கள் பட்ட பாட்டைப் பணியில் இருந்தபோதே பார்த்தவர் அவர். அவர்களுக்குப் பின்னால் டிஎன்பிஎஸ்சி மூலம் சிறப்புத் தேர்வு வைத்துத்தான் வழி பிறந்தது, தேர்வு என்ற வாசல் வழியாக வந்ததால்தான் யாரும் அவர்களை அசைக்க முடியவில்லை என்று சொல்வார்.

இனி குறைகள். நிறைய இருக்கின்றன, மறைக்க விரும்பவில்லை.

மிக முக்கியமான குறை, அவர் கை பழைய விதி எண்களிலேயே ஓடுகிறது. என் ஆணை 2020, எனவே 2016 சட்டத்தின் பிரிவுகளைத்தான் காட்ட வேண்டும். வரைவில் பழைய விதி எண்கள் மட்டும் இருந்தன. நான் கேட்டபிறகுதான் இரண்டையும் சேர்த்துப் போட்டார். பொருள் ஒன்றுதான், ஆனால் குறை கண்டுபிடிக்கக் காத்திருக்கும் மேசைக்கு அது ஒரு சாக்கு ஆகிவிடும். நீங்கள் போனால் இதைக் கட்டாயம் கேளுங்கள்.

அடுத்தது தட்டச்சு. அவர் கையால் எழுதுகிறார், கீழே ஜெராக்ஸ் கடையில் அடித்துத் தருகிறார்கள். என் மனுவில் பணியில் சேர்ந்த வருடம் ஓர் இடத்தில் 2012 என்று விழுந்திருந்தது. தேதிக்காகவே போடும் மனுவில் தேதிப் பிழை! நான் மூன்று தடவை படித்ததால் கண்ணில் பட்டது. கையெழுத்துப் போடும்முன் ஒவ்வொரு தேதியையும் அசலோடு ஒப்பிடுங்கள், அவரும் அதைத்தான் சொல்வார்.

காத்திருப்பு அதிகம். டோக்கன் இல்லை, போனில் நேரம் கேட்க முடியாது, போனே எடுக்கமாட்டார். மனு கைக்கு வரப் பத்து நாள் ஆனது. கெடு நெருங்கியிருந்த எனக்கு அந்தப் பத்து நாளும் நெருப்பு. படி செங்குத்து, கைப்பிடி ஒரு பக்கம்தான், முட்டிவலி உள்ளவர்களுக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் ஏறுவது கஷ்டம். கழிப்பறை இல்லை. வெளியூரிலிருந்து பஸ் ஏறி வரும் பெண்கள் எத்தனை பேர் வருகிறார்கள், இதற்கு அவர் ஏதாவது செய்ய வேண்டும், நேரிலும் சொல்லியிருக்கிறேன்.

பேச்சு கடுமை. தப்பு உங்கள் மேல் என்றால் நேராகச் சொல்லிவிடுவார். சத்துணவுப் பிரிவிலிருந்து வந்த ஒரு பெண் அழுதுகொண்டே இறங்கிப் போனதைப் பார்த்தேன். மாடி சார் அந்தப் பெண்ணுக்குச் சொன்னது சரியான விவரம்தான், ஆனால் கொஞ்சம் தண்ணீர் கொடுத்து உட்காரவைத்துச் சொல்லியிருக்கலாம்.

அவர் வழக்கறிஞர் இல்லை, நீதிமன்றத்தில் நிற்க முடியாது, அதை முதல் நாளே சொல்லிவிடுகிறார். உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போக வேண்டிய நிலை வந்தால், எந்த ஆவணம் எந்த வரிசையில் என்று கட்டிக் கொடுத்து, பணி வழக்குகள் பார்க்கும் வழக்கறிஞரிடம் போகச் சொல்வார். குறிப்பிட்ட யாரையும் சிபாரிசு செய்வதில்லை. எனக்கு இது நம்பிக்கையைத்தான் கொடுத்தது.

என் விஷயம் எங்கே நிற்கிறது என்று கேட்பீர்கள். 2023 ஆகஸ்ட் கடைசியில் உரிய வழியாக ஒன்றும், மேலிடத்துக்கு நேராக முன்நகலாகப் பதிவஞ்சலில் ஒன்றும் கொடுத்தேன். நடுவில் இரண்டு நினைவூட்டு. 2024 நவம்பரில் திருத்திய ஆணை வந்தது, பணியில் சேர்ந்த 2013 ஆகஸ்ட் நாளிலிருந்தே பணிவரன்முறை. அம்மாவிடம் படித்துக் காட்டினேன். அவருக்கு விதி எண் ஒன்றும் புரியாது, தேதியை மட்டும் இரண்டு தடவை படிக்கச் சொன்னார். பணிமூப்புப் பட்டியல் திருத்தம் இன்னும் கோப்பில் இருக்கிறது. பதினான்கு மாத ஊதிய வேறுபாட்டுக்குத் தனி மனு, அதற்கு இன்னும் பதில் இல்லை, வழக்கறிஞரைப் பார்த்துவிட்டேன்.

மதிப்பெண் கேட்டால் ஐந்துக்கு நான்கு. குறைத்த ஒன்று தட்டச்சுக்கும் அந்தப் படிக்கட்டுக்கும்.

போவதென்றால் காலை பத்து மணிக்கு முன்னால் போய்விடுங்கள், சனிக்கிழமை மதியத்துக்கு மேல் இருக்கமாட்டார். ரொக்கம்தான். நியமன ஆணை, அதன் பின்பக்க நிபந்தனைகள் உட்பட, கட்டாயம் வேண்டும். நிறையப் பேர் முன்பக்கத்தை மட்டும் நகலெடுத்து வந்து திரும்பிப் போகிறார்கள். எஸ்.ஆரின் முதல் பக்கமும் பணிவரன்முறை, தகுதிகாண் பருவம் பதிந்த பக்கங்களும், உங்களுக்கு மேலே பத்துப் பேர் கீழே பத்துப் பேர் வரும்படி பணிமூப்புப் பட்டியலும் எடுத்துக்கொள்ளுங்கள். அசலைக் கொண்டுபோக வேண்டாம், நகல் போதும். பட்டியலின் ஆணை தேதியை மட்டும் பஸ்ஸில் போகும்போதே ஒரு தடவை பார்த்து, மூன்று வருடம் எப்போது முடிகிறது என்று எண்ணி வையுங்கள். அவர் கேட்கும் முதல் கேள்வி அதுதான்.